அயினி மரமும் நான் விரட்டிய மரங்கொத்தியும்

எங்கள் குடும்பத்தில் யாராவது சொன்ன வேலையை ஒழுங்காகச் செய்து காரியத்தைக் கெடுத்துவிட்டால், "மரங்கொத்தி வெரட்டுன மாதிரி ஆயிருச்சு" என்பார்கள். சொல்லிவிட்டு எல்லோரும் என் பக்கம் திரும்பிச் சிரிப்பார்கள். எனக்குப் பேரன் பேத்தி பிறந்த பிறகும் இது நின்றபாடில்லை. இப்போது பேத்தியே சொல்கிறாள். அப்படி நான் செய்த குற்றம்தான் என்ன என்று ஒருவரும் என்னிடம் நேராகச் சொன்னதில்லை. சொல்லவும் முடியாது. விரட்டச் சொன்னார்கள், விரட்டினேன்.

அப்போது எனக்கு ஒன்பது வயது. நாலாம் வகுப்பு முழுப்பரீட்சை முடிந்திருந்தது. போடியில் எங்கள் வீட்டில் அம்மாவுக்குப் பிரசவ நேரம். கை கால் சும்மா இருக்காத என்னை வைத்துக்கொண்டு சமாளிக்க முடியாதென்று, மலையில் ஏலத்தோட்டம் வைத்திருந்த தாய்மாமாவிடம் அனுப்பிவிட்டார்கள். அரிசி லோடு ஏற்றிப் போன ஜீப்பில் மூட்டையோடு மூட்டையாக நானும் போய் இறங்கினேன்.

ஏலச்செடி பெரிய மரங்களின் நிழலில்தான் வளரும். நிழல் இல்லாவிட்டால் கருகிவிடும், நிழல் கூடினால் காய் பிடிக்காது. செடி மாமாவுடையது, மரமெல்லாம் சர்க்காருடையது. ஏதாவது மரம் பட்டுப்போனால் காட்டிலாகா கார்டு வந்து பார்ப்பார். தானாகப் பட்டது என்றால் வெட்டிக்கொள்ள உத்தரவு கிடைக்கும். தோட்டக்காரன் கைபட்டுச் செத்தது என்றால் தோட்டத்தின் குத்தகையே போய்விடும். இவ்வளவும் அத்தை எனக்கு முதல் நாளே சொல்லிவிட்டாள். ஏனென்றால், புதுச்செடிகள் நட்ட சரிவின் நடுவில் நின்ற அயினி மரம் உச்சி காய்ந்து, இலையைக் கொட்டிக்கொண்டிருந்தது.

"அந்த மரம் செத்துச்சுன்னா நம்மள மூட்ட முடிச்சோட எறக்கி விட்ருவாங்க ஆத்தா" என்றாள் அத்தை. அவள் கண் கலங்கியிருந்தது. எனக்கும் அழுகை வந்துவிட்டது.

மரத்தைக் கொல்வது யார் என்று மாமா காட்டினார். நல்ல காக்கை அளவுக்கு ஒரு கரிய பறவை. வயிறு மட்டும் வெள்ளை, தலையில் ரத்தச் சிவப்பாய்க் கொண்டை. மரத்தண்டில் செங்குத்தாக ஒட்டிக்கொண்டு, வாலை முட்டுக்கொடுத்து, தச்சன் உளியால் அடிப்பதுபோல் அடித்துக்கொண்டிருந்தது. சிராய்கள் பறந்து விழுந்தன. போடியில் எங்கள் தெருப் புளியமரத்தில் பார்த்த மரங்கொத்தியெல்லாம் இதற்குப் பக்கத்தில் குஞ்சு.

"அந்தா பாரு, கொத்திக் கொத்தியே மரத்தச் சாகடிக்குது. நீ சும்மாதான இருக்க? இனிமே ஒன் சோலி இதுதான்" என்று சொல்லி, ஒரு காலி மண்ணெண்ணெய்த் தகரத்தையும் கம்பையும் கையில் கொடுத்தார். "லயத்துல இருக்கிற ஆளுகளுக்கெல்லாம் கேக்கணும். நல்லா ஓங்கித் தட்டு."

கூலியாட்கள் குடியிருந்த லயம் சரிவுக்குக் கீழே இருந்தது. அவர்களுக்கு ஏன் கேட்கவேண்டும் என்று நான் யோசிக்கவில்லை.

மரத்தின் அடியில், என் நெஞ்சு உயரத்துக்குச் சுற்றிலும் செம்மண்ணும் சாணியும் குழைத்துப் பூசியிருந்தது. கேட்டதற்கு மருந்து என்றார் மாமா. வெயிலில் அது வெடித்தபோது உள்ளே எட்டிப் பார்த்தேன். இடுப்பில் அரைஞாண் கயிறு கட்டியதுபோல் மரத்தைச் சுற்றிப் பட்டையில்லாமல் ஒரு பள்ளம். அதுவும் அந்தக் குருவி கொத்தியதுதானாம். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. அன்றிலிருந்து காலையில் குருவியை விரட்டுவதும், சாயங்காலம் மண் குழைத்து வெடிப்பில் பூசுவதும் என் வேலையாயின. பூசும்போது மட்டும் மாமா, "கெட்டிக்காரி" என்பார்.

அந்தப் பறவை என்னைப் படுத்திய பாட்டை யாரிடம் சொல்ல! மூடுபனி விலகியதும் "கியா" என்று ஒரே ஒரு சத்தம் ஓடைப்பக்கம் கேட்கும். அப்புறம் அந்தக் கரியன் கனத்த சிறகடித்துக் காக்கைபோல் வந்து அயினியின் நடுத்தண்டில் ஒட்டும். ஒட்டிய இடத்திலிருந்து மேலேதான் ஏறும். நான் தகரத்தைத் தட்டிக்கொண்டு ஓடினால் பறக்காது. தண்டின் மறுபக்கம் போய் ஒளிந்துகொண்டு தலையை மட்டும் நீட்டிப் பார்க்கும். நான் சுற்றிப் போனால் அதுவும் சுற்றிப் போகும். இப்படி மரத்தை நாலைந்து தரம் சுற்றி எனக்குத் தலை கிறுகிறுத்து உட்கார்ந்தால், மேலேயிருந்து டொட்டொட்டொட்டென்று தன்பாட்டுக்கு அடிக்க ஆரம்பிக்கும். என் தகரத்தைவிட அதன் சத்தம் பெரிது. மலைக்கு அந்தப்புறம் போய் மோதித் திரும்பி வரும்.

அது தனியாகவும் வருவதில்லை. நெற்றியில் சிவப்பில்லாமல் பின்கொண்டை மட்டும் சிவந்த அதன் பெண்ஜோடியும் கூட வந்தது. ஒன்றை விரட்டினால் மற்றது உட்காரும். கையெல்லாம் கொப்புளம். அத்தை தேங்காயெண்ணெய் தடவிவிட்டு, "போதும் விடு ஆத்தா" என்றாள். விட்டால் தோட்டம் போய்விடுமே என்று நான் விடவில்லை.

ஒரு வாரம் கழித்துத்தான் எனக்குப் புத்தி வந்தது. அது நினைத்தபடி வருவதில்லை, வழி வைத்துத்தான் வந்தது. ஓடைக்கரையில் உளுத்துப்போன ஒரு மரம், பிறகு பாறை ஓரத்து மொட்டை மரம், பிறகுதான் எங்கள் அயினி. எல்லாம் பட்ட மரங்கள். பச்சை மரத்தைத் திரும்பியும் பார்க்காது. அது கொத்திப்போட்ட துளைகளில் எறும்பு மொய்த்துக் கிடந்தது. ஆகவே நான் அயினியடியில் நிற்பதை விட்டுவிட்டு, பாறை ஓரத்து மரத்துக்கே போய் மறைந்திருந்து, அது வந்து ஒட்டும் நேரம் பார்த்துத் தகரத்தை முழக்கினேன். நாலு நாள்தான். ஐந்தாம் நாள் "கியா" சத்தம் ஓடைக்கு அப்பால் எங்கேயோ கேட்டது. அப்புறம் அதுவும் இல்லை.

என் பெருமையை என்னாலேயே தாங்க முடியவில்லை. மாமாவுக்குச் சொல்லலாமென்றால் அவர் கீழே போடிக்குப் போயிருந்தார். திரும்பி வரும்போது கார்டையும் கூட்டிக்கொண்டே வந்துவிட்டார்.

கார்டு மலையாளத்துக்காரர். காக்கி உடுப்பு, கையில் சின்ன நோட்டு, காதிடுக்கில் பென்சில். மாமா அவரை மரத்தடிக்கு அழைத்து வந்து, "பாத்தீங்களா சார், பாழாப்போன குருவி கொத்தியே கொன்னுருச்சு. காலைல வந்துச்சுன்னா நாள் பூராம் இங்கதான். கொஞ்சம் இருங்க, இப்ப வந்துரும், நீங்களே பாருங்க" என்றார்.

இருந்தார்கள். டீ வந்தது. வெயில் ஏறியது. குருவி வரவில்லை. மாமா அண்ணாந்து அண்ணாந்து கழுத்தைத் தேய்த்துக்கொண்டார்.

இத்தனை நேரம் பொறுத்ததே பெரிது. "அது வராது மாமா. நான்தான் அஞ்சு நாளா வரவே விடலையே!" என்றேன்.

மாமா என்னைப் பார்த்த பார்வை இன்றும் கண்ணில் நிற்கிறது. தகரத்தைக் கொடுத்ததும் அவர், இப்போது முறைப்பதும் அவர். இதில் எது நியாயம்?

கார்டு சிரித்துவிட்டு மரத்தைச் சுற்றி வந்தார். பூச்சில் ஒரு பக்கம் கம்பால் தட்டினார். பொருக்கு உதிர்ந்தது. உள்ளேயிருந்த பள்ளத்தில் விரலை ஓட்டிப் பார்த்தார்.

"இதும் பட்சி கொத்தினதா?"

"ஆமா சார்" என்றார் மாமா.

கார்டு என் பக்கம் திரும்பினார். "மோளே, நீயல்லே தினமும் பார்த்தது? பட்சி இவ்வளவு கீழே வந்து கொத்துமா?"

எனக்குத் தெரியாத விஷயமா! "வராது சார். நடுவுலதான் வந்து ஒட்டும், அங்கயிருந்து மேலதான் ஏறும். இங்க ஒரு நாளும் எறங்குனதில்ல. பச்சை மரத்தையும் கொத்தாது சார், பட்ட மரத்துலதான் அதுக்கு எறும்பு கெடைக்கும்" என்று மூச்சுவிடாமல் சொன்னேன். மாமாவின் முகம் சாம்பல் பூத்துப்போனது. அத்தை முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். நான் ஒருத்தி மட்டும் நிமிர்ந்து நின்றேன்.

கார்டு நோட்டை எடுத்தார். என் பெயர், அப்பா பெயர், போடியில் எந்தத் தெரு, எத்தனாம் வகுப்பு என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதிக்கொண்டார். சர்க்கார் நோட்டில் என் பெயர்! மரத்தைக் காப்பாற்றியதற்கு ஏதோ பரிசு வரப்போகிறது என்று எனக்கு நிச்சயமாகிவிட்டது. எழுதி முடித்தவர் என் கைகளைப் பார்த்தார். மணிக்கட்டு வரை காய்ந்த செம்மண், நடுவில் கொப்புளம்.

"மருந்து நீயா பூசினே?"

"மொதல்ல மாமா பூசுனாரு. இப்ப தெனமும் நான்தான்."

"மரம் பிழைக்குமா மோளே?"

"பொழச்சுக்கும் சார்."

அவர் பென்சிலைக் காதிடுக்கில் செருகினார். பிறகு என் பெயர் எழுதிய தாளை நோட்டிலிருந்து கிழித்து, மடித்து, சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். மாமாவிடம், "இந்த மரத்திலே ஒரு கொம்புகூடத் தொடக்கூடாது. தானா விழும்போது விழட்டும்" என்று மட்டும் சொல்லிவிட்டுச் சரிவில் இறங்கிப் போய்விட்டார்.

மாமா கத்திய கத்தலில் லயமே வெளியே வந்து நின்றது. "வாய வச்சுக்கிட்டுச் சும்மா இருக்கத் தெரியுதா கழுதைக்கு!" மறுநாளே என்னை ஜீப்பில் ஏற்றிவிட்டார். போடியில் தொட்டிலில் புதுத் தம்பி இருந்தான். அம்மா என்னைக் கிள்ளக்கூட எழவில்லை, படுத்தபடியே நாலு வசவு வைதாள். தன் கூடப்பிறந்த தம்பியை, மாமாவை, நான் காட்டிக்கொடுத்துவிட்டேனாம். என்னத்தைக் காட்டினேன், யாருக்குக் கொடுத்தேன், ஒன்றும் விளங்கவில்லை. அந்த மரத்தை மாமாவே கோடாலியால் பட்டை உரித்துச் சாகடித்தார் என்பதும், புதுச்செடிக்கு வெயில் வேண்டித்தான் அதைச் செய்தார் என்பதும், தகரச் சத்தம் குருவிக்கல்ல, ஊராருக்கு என்பதும் எனக்குத் தெரிய ஏழெட்டு வருஷமானது.

ஆனால் ஜீப்பில் வழி நெடுக நான் அழுதது மாமா திட்டியதற்காக அல்ல. அந்தக் கார்டின் மேல்தான் எனக்கு ஆத்திரம். எவ்வளவு பாடுபட்டேன், என் பெயரை எழுதிவிட்டுக் கிழித்துவிட்டாரே என்று ஆற்றாமை தாங்கவில்லை. அந்தத் தாள் நோட்டில் இருந்திருந்தால் கேஸ் நடந்திருக்கும், கோர்ட்டுக் கூண்டில் மாமா நிற்க, எதிரே சாட்சியாக என்னைத்தான் ஏற்றியிருப்பார்கள் என்பது அந்த வயதில் எனக்கு எப்படித் தெரியும்?