கொடிச்சீலையில் எலி பார்த்த திசை

சுன்னாகம் சந்தைக்குப் பின்புறம், மா அரைக்கும் ஆலை ஒன்றின் மேல்மாடியில் வினோஜா சிவகரனின் தையல் கடை இருக்கிறது. பெயர்ப்பலகையில் சாறிச் சட்டை, பூவேலை, கணினி வேலை என்று மூன்றும் ஒரே வரிசையில் எழுதப்பட்டிருக்கும். மூன்றாவது எதற்கு என்று பலர் கேட்பதுண்டு. முதல் இரண்டும் நடப்பதே மூன்றாவதால்தான்.

வினோஜா பிறந்தது 1990இல், சண்டிலிப்பாயில். தந்தை அருட்பிரகாசம் புகையிலையும் மரக்கறியும் பயிரிட்டவர். ஐந்து வயதில் போரால் குடும்பத்தோடு தென்மராட்சிக்கு இடம்பெயர்ந்ததும், பின்னர் திரும்பி வந்து ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சேர்ந்ததும் அந்த வயதுப் பிள்ளைகள் எல்லோருக்கும் பொதுவானவை. கணினி விஞ்ஞானம் படித்துப் பட்டம் பெற்று, யாழ்ப்பாண நகரில் ஒரு சிறிய நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்தார். மற்றவர்கள் விரும்பாத வேலை அவருக்குக் கொடுக்கப்பட்டது. மின்மானி, தராசு போன்ற கருவிகள் வெளியிடும் தரவுகளை வாசிக்கும் வேலை அது.

கருவிகள் தங்கள் கணக்கைச் சொற்களாக எழுதுவதில்லை, பைற்றுகளாக எழுதுகின்றன. ஒரு பைற்று என்பது எட்டுச் சின்னப் பெட்டிகள். ஒவ்வொரு பெட்டியிலும் ஒன்று அல்லது சுழியம் இருக்கும். எந்தப் பெட்டிக்கு என்ன பொருள் என்பது கோப்பில் இருக்காது. கருவியைச் செய்தவருக்குத்தான் தெரியும். இவற்றை வாசிக்க நிரல் எழுதுபவர்கள் பெரும்பாலும் கட்டளைகளாகவே எழுதுவார்கள்: முதல் பைற்றை எடு, பார், அடுத்ததற்குப் போ. அதே வடிவில் புதிய கோப்பொன்றைக் கட்ட வேண்டுமானால் இன்னொரு நிரல் எழுத வேண்டும். ஒன்றைத் திருத்தி மற்றதை மறந்துவிட்டால் இரண்டும் ஒத்துவராது.

வினோஜா அங்கே பழகிய முறை வேறு. என்ன செய்ய வேண்டும் என்று எழுதாமல், கோப்பு எப்படி இருக்கிறது என்பதை மட்டும் எழுதுவது. இந்த இடத்தில் பெயர், அடுத்து உருப்படிகளின் தொகை, அதன்பின் ஒவ்வோர் உருப்படிக்கும் இத்தனை பைற்று என்று ஒரு விவரிப்பு. அந்த ஒரே விவரிப்பைக் கொண்டு கணினி வாசிக்கவும் செய்யும், கட்டவும் செய்யும். ஓரிடத்தில் திருத்தினால் இரண்டும் திருந்தும். ஓரிடத்தில் தவறினால் இரண்டும் தவறும் என்பதைப் பற்றி அப்போது யாரும் யோசிக்கவில்லை.

நிறுவனம் கொழும்புக்கு மாறியபோது வினோஜா போகவில்லை. சுன்னாகத்தில் மின்சாதனக் கடை வைத்திருக்கும் சிவகரனைத் திருமணம் செய்திருந்தார். சேர்த்த பணத்தில், ஒருவர் பாவித்து விற்ற பூவேலை இயந்திரம் ஒன்றை வாங்கித் தையல் கடை தொடங்கினார். தைக்க வேண்டிய கோலத்தைத் திரையில் கீறிக் கோப்பாக்கும் மென்பொருள் இருந்த கணினியும் இயந்திரத்தோடு வந்தது. 2022இல் அந்தக் கணினி பழுதானது. மென்பொருள் வேறு கணினியில் இயங்க மறுத்தது. விற்றவரின் தொலைபேசியும் வேலை செய்யவில்லை. ஆனால் இயந்திரத்துக்கு எந்தக் குறையும் இல்லை. பென் டிறைவில் சரியான கோப்பைக் கொடுத்தால் தைக்கும். கோப்பைக் கட்டத்தான் வழியில்லை.

வினோஜா தம்மிடமிருந்த பழைய கோப்புகளைத் திறந்து எண்களாகப் பார்த்தார். ஒவ்வொரு தையலுக்கும் மூன்று பைற்று என்பது விரைவில் பிடிபட்டது. அவற்றில் சில பெட்டிகள் துணியில் மேலா கீழா, எவ்வளவு தூரம் என்பதைச் சொல்லும். வேறு சில வலமா இடமா என்பதைச் சொல்லும். மேல் கீழைக் கண்டுபிடிப்பது கடினமாக இருக்கவில்லை. மாற்றி எழுதினால் திரையில் தாமரைக் கோலம் தலைகீழாகத் தெரிந்தது. வலம் இடம் அப்படியல்ல. தாமரையை இடம் வலமாக மாற்றினாலும் அதே தாமரைதான். சட்டைக் கைகளுக்கான மாங்காய்க் கோலங்களோ சோடியாக இருந்தன. மாற்றினால் இடக்கை மாங்காய் வலக்கை மாங்காயாகும், அவ்வளவுதான். எது சரியென்று சொல்ல அந்தக் கோப்புகளில் எதுவும் இல்லை. வினோஜா ஒரு பக்கத்தை ஊகித்து எழுதினார்.

பின்னர் சோதித்தார். பழைய கோப்பு ஒவ்வொன்றையும் வாசித்து, வாசித்ததிலிருந்து திரும்பக் கட்டி, இரண்டையும் பைற்று பைற்றாக ஒப்பிட்டார். ஒரு பெட்டிகூட மாறவில்லை. அதன் பிறகு தாமே கோலங்கள் கீறிக் கோப்புகளைக் கட்டத் தொடங்கினார். கடை முன்போல நடந்தது.

சிவகரனின் வீட்டுக்கு ஊர்ப் பிள்ளையார் கோயிலில் ஓர் உரிமை உண்டு. ஆவணித் திருவிழாவின் கொடியேற்றத்துக்குக் கொடிச்சீலை கொடுப்பது அவர்கள் வீடு. வெள்ளைத் துணியில் பிள்ளையாரின் வாகனமான எலியும், மேலே சூரியனும் சந்திரனும் இருக்கும். வழக்கமாக வர்ணத்தால் கீறுவித்துக் கொடுப்பார்கள். 2023இல் எதிர்பாராத மழை பெய்து வர்ணம் கரைந்து வழிந்தது. அடுத்த ஆண்டு திருவிழாவுக்கு முன், கோயில் தர்மகர்த்தா சோமசேகரம் வீட்டுக்கு வந்தார். சிவகரனின் தாயார் மீனாம்பிகையும் வினோஜாவும் இருந்தார்கள்.

“இந்த முறை நான் தைச்சுத் தாறன், ஐயா. நூல் கரையாது,” என்றார் வினோஜா.

“மெசினாலை தைச்ச கொடி எங்கடை கோயிலிலை இன்னும் ஏறேல்லை, பிள்ளை.”

“ஏறாட்டி இந்த வருசம் ஏறட்டும்,” என்றார் மீனாம்பிகை.

“ஏறட்டும், ஓம். ஆனால் இதுவும் பிழையாப் போனா வாற வருசம் தொடக்கம் கோயில் சபைதான் கொடி செய்யும். கோவத்திலை சொல்லேல்லை, அக்கா. போன முறை சனம் சிரிச்சது.”

“சனத்துக்கு வேறை என்ன வேலை?”

அவர் போன பிறகு சிவகரன் மனைவியிடம் தனியாகச் சொன்னார்: “கொடி எங்கடை கையை விட்டுப் போனா அம்மா பிறகு கொடியேத்தத்துக்குப் போகமாட்டா. நீர் கவனமாச் செய்யும்.”

வினோஜா கவனமாகவே செய்தார். அந்தக் கோயிலில் எலி மூலஸ்தானத்தைப் பார்த்து நிற்க வேண்டும் என்பது வழக்கம். அதற்குக் கொடியில் சனம் பார்க்கும் நல்ல பக்கத்தில் எலி வலப்புறம் நோக்க வேண்டும். திரையில் அப்படியே கீறினார். மஞ்சள் தடவிச் சாமியறையில் வைத்திருந்த துணியைக் கடைக்குக் கொண்டுபோய் இயந்திரத்தில் பூட்டினார். அன்று திருமணச் சட்டை ஒன்றின் அளவு எடுக்க ஆட்கள் வந்திருந்ததால், தைக்கும்போது நூல் அறுகிறதா என்பதை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தார். தையல் சுத்தமாக இருந்தது. மடித்து வீட்டுக்குக் கொண்டுவந்து, உடுப்புக் காயப்போடும் கயிற்றில் விரித்துப் போட்டார்.

மீனாம்பிகை கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார்.

“பிள்ளை, உவர் எங்கை போறார்?”

“ஆர், மாமி?”

“எலியார். பிள்ளையாருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு றோட்டுப் பக்கமெல்லோ ஓடுறார்.”

எலி இடப்புறம் பார்த்தது. சூரியனும் சந்திரனும் இடம் மாறியிருந்தன. கொடியேற்றத்துக்கு இரண்டு நாட்கள் இருந்தன.

“மறுபக்கத்தைத் திருப்பிப் பிடிச்சா சரிவராதோ?” என்று சிவகரன் கேட்டார்.

“முடிச்சும் அடிநூலும் சனத்துக்கு, நல்ல பக்கம் மதிலுக்கோ? நீ பேசாமல் இரு, தம்பி,” என்றார் மீனாம்பிகை.

மறுநாள் காலை வினோஜா கடையில் கணினியைத் திறந்தார். திரையில் எலி வலப்புறமே பார்த்தது. கோப்பை வாசித்துத் திரும்பக் கட்டி ஒப்பிட்டார். ஒரு பெட்டியும் மாறவில்லை. முன்பு செய்த அதே சோதனை, அதே விடை. இயந்திரம்தான் பிழை விடுகிறதோ என்று அதன் அமைப்புகளையும் பார்த்தார். அங்கே எதுவும் திரும்பியிருக்கவில்லை.

சட்டைகளுக்குக் கை பூட்டுவது ஜெசிதா. இளவாலையிலிருந்து பஸ்ஸில் வருபவர். அன்று காலை அவர் வந்ததும், மேசையில் இருந்த சோடிக் கைகளை எடுத்து, ‘இடக்கை’ என்று காகிதத் துண்டு குத்தியிருந்ததைச் சட்டையின் வலப்பக்கத்தில் வைத்தார். வினோஜா பார்த்துக்கொண்டிருந்தார்.

“அது இடக்கையெல்லோ, ஜெசிதா?”

“துண்டிலை அப்பிடித்தான் கிடக்கு, அக்கா. ஆனால் மாங்காய் மற்றப் பக்கம் பாக்குது. உங்கடை துண்டு எப்பவும் மாறித்தானே வாறது.”

“எப்பவுமோ?”

“நீங்கள் புதுசாக் கீறத் தொடங்கின நாள் தொட்டு. நான் மாத்தி வைச்சுத் தைச்சுப்போடுவன்.”

“ஏன் எனக்குச் சொல்லேல்லை?”

“சொல்ல என்ன கிடக்கு? ரெண்டு கையும் ஒரே சட்டைக்குத்தானே போகுது. நீங்கள் வேலைக் களையிலை மாறிக் குத்துறியள் எண்டு நினைச்சன். உதுக்குப் போய் ஆரும் முதலாளியோடை கதைப்பினமோ?”

வினோஜா சிரித்தார், பிறகு உட்கார்ந்துவிட்டார். விவரிப்பில் வலமும் இடமும் மாறியிருந்தன. அதைக் கொண்டு வாசிக்கும்போது படம் ஒருமுறை திரும்பியது. அதைக் கொண்டே கட்டும்போது இன்னொரு முறை திரும்பிப் பழைய நிலைக்கு வந்தது. அதனால்தான் ஒப்பீட்டில் எதுவும் தெரியவில்லை. புதிதாகக் கீறியவை மட்டும் ஒருமுறையே திரும்பின. அவற்றிலும் சட்டைக் கைகளை ஜெசிதா சரிப்படுத்திவிட்டார். எலிக்குச் சோடி இல்லை.

திருத்தம் ஒரே வரி. வலம் இடம் சொல்லும் இடத்தில் கூட்டல் என்று எழுதியிருந்த பெட்டிகளைக் கழித்தல் என்றும், கழித்தலைக் கூட்டல் என்றும் மாற்ற வேண்டும். ஆனால் வினோஜா பழைய விவரிப்பை அழிக்கவில்லை. அதைப் பிரதியெடுத்துத் திகதியிட்டு வைத்தார். அதுவரை கட்டிய கோப்புகள் எல்லாம் அந்தப் பிழையோடுதான் இருந்தன. அவற்றைக் கீறியபடியே வாசிக்க அந்தப் பிழையான விவரிப்பு வேண்டும். எலியின் கோப்பைப் பழைய விவரிப்பால் வாசித்து, புதிய விவரிப்பால் கட்டினார்.

இம்முறை ஒப்பீட்டை மட்டும் நம்பவில்லை. சோடியில்லாத ஒன்று வேண்டுமென்று ‘க’ என்ற எழுத்தைத் திரையில் கீறி, கழிவுத் துணியில் தைத்து ஜெசிதாவிடம் நீட்டினார்.

“இது என்ன?”

“கானா, அக்கா. ஏன், கண் தெரியேல்லையோ?”

“எனக்குத் தெரியும். மெசினுக்குத் தெரிஞ்சுதோ எண்டு பாத்தனான்.”

சிவகரன் மோட்டார் சைக்கிளில் யாழ்ப்பாணம் போய்ப் புதிய துணி வாங்கி வந்தார். மீனாம்பிகை மஞ்சள் தடவினார். அன்று பின்னேரமே எலி, சூரியன், சந்திரன் மூன்றும் தைத்து முடிந்தன. வினோஜா அந்த முறை இயந்திரத்தை விட்டு நகரவில்லை. எலியின் மூக்கு எந்தப் பக்கம் விழுகிறது என்று தெரிந்த பின்னரே தேநீர் குடித்தார்.

கொடியேற்றத்தன்று காலை மீனாம்பிகை கொடிச்சீலையைத் தட்டில் வைத்துக் கோயிலுக்குக் கொண்டுபோனார். சோமசேகரம் அதை வாங்கி, ஒரு முனையை விரித்துப் பார்த்து, ஐயரிடம் கொடுத்தார். கொடி ஏறியது. எலி மூலஸ்தானத்தைப் பார்த்து நின்றது. மீனாம்பிகை தெரிந்தவர்களுக்கெல்லாம் தையலைச் சுட்டிக் காட்டினார். பிழையான கொடியைப் பற்றி எவருக்கும் சொல்லவில்லை. அது வீட்டு அலுமாரியில் இருக்கிறது.

திருவிழா நாட்களில் கடையில் ஒரு சிறு தவறு நடந்தது. திருத்திய விவரிப்பால் கட்டிய முதல் சட்டைக்கு, ஜெசிதா பழக்கத்தில் கைகளை மாற்றிப் பூட்டிவிட்டார். தைக்கக் கொடுத்தவர் அதைத் திருப்பிக் கொண்டுவந்தார்.

“நீங்கள் திருந்தினதை எனக்கும் ஒருக்கால் சொல்லியிருக்கலாம், அக்கா,” என்று சொல்லிக்கொண்டு ஜெசிதா தையலைப் பிரித்தார்.

“நீர் ஒரு வருசத்துக்கு மேலை சொல்லாமல் இருந்தனீர். நான் ஒரு கிழமைதான்,” என்றார் வினோஜா.

இப்போது எந்தப் புதிய கோப்பு வடிவத்தை விவரித்தாலும் வினோஜா முதலில் ‘க’வைத் தைத்துப் பார்க்கிறார். அந்தக் கழிவுத் துணி இயந்திரத்துக்கு மேலே ஊசியால் குத்தப்பட்டிருக்கிறது.

திருவிழாவின் கடைசி நாளான தீர்த்தம் முடிந்து சில நாட்களின் பின் சோமசேகரம் கடைப் படிகளில் ஏறி வந்தார். பேத்தியின் சட்டைக்கு அளவு கொடுக்க வந்ததாகச் சொன்னார். அளவுச் சட்டையை மேசையில் வைத்துவிட்டு, தைத்துக்கொண்டிருந்த இயந்திரத்தைச் சிறிது நேரம் பார்த்தார்.

“பிள்ளை, சந்திரன் வடிவாயிருந்தது. சூரியன்தான் கீழை நிண்டு பாக்கச் சின்னனாத் தெரிஞ்சுது.”

“ஓம், ஐயா.”

“வாற வருசம் கொஞ்சம் பெரிசாப் போடுங்கோ.”