உப்பளத்துக்கு வந்த பவுடர் டப்பா

என் மேக்கப் பெட்டியின் அடித்தட்டில் ஒரு தகரப் பவுடர் டப்பா கிடக்கிறது. மூடி துருப்பிடித்து, திறந்தால் கிறீச்சென்று கத்தும். படூரில் என் கடைக்கு வரும் கல்யாணப் பெண்கள் அதைப் பார்த்து முகம் சுளிப்பார்கள். சுளிக்கட்டும். பவுடர் தீரத் தீர நிரப்பி வைத்திருக்கிறேன்.

தொண்ணூறுகளில் எங்கள் டைரக்டர் கேளம்பாக்கம் உப்பளத்துப் பெண்களை வைத்து ஒரு படம் எடுத்தார். நான் மேக்கப் உதவியாளன். மனிதருக்குப் பொய் என்றால் ஆகாது. மாதக்கணக்கில் அந்தப் பெண்களோடு உட்கார்ந்து கூழ் குடித்துத்தான் கதையே எழுதினார். கதாநாயகியோ நல்ல சிவப்பு. அவளுக்குக் கறுப்பு பூசுவதற்குள் எனக்குப் போதும் போதும் என்றாகிவிடும். "வெயில்ல வெந்த முகம் வேணும்பா, வெயில்ல நடந்துட்டு வந்த முகம் வேணாம்" என்று மறுபடி பூசச் சொல்வார்.

கடைசி நாள் உப்பு வாரும் காட்சி. கடல் பக்கம் மேகம் கட்டியிருந்தது. மழை விழுந்தால் பாத்தியில் உள்ள உப்பு கரைந்துவிடும். திரும்ப விளையும்வரை காத்திருக்கத் தயாரிப்பாளர் தயாராக இல்லை. "தினம் எப்படி வேலைக்கு வருவீங்களோ அப்படியே வாங்க" என்று டைரக்டர் முந்தின நாளே அந்தப் பெண்களிடம் சொல்லியிருந்தார். வந்தார்கள் பாருங்கள்! அத்தனை பேரும் கல்யாணத்துக்குக் கட்டும் புடவையில், தலை நிறையக் கனகாம்பரம், முகத்தில் அப்பிய பவுடர். நடுவில் கறுப்பு பூசி நின்ற கதாநாயகிதான் உப்பளத்துக்காரி, மற்றவர்களெல்லாம் சினிமாக்காரிகள்!

"துடைச்சு விடுப்பா, சீக்கிரம்" என்று டைரக்டர் என் கையில் ஈரத்துணியைத் திணித்தார். அவர்களில் மூத்த அக்காவிடம் முதலில் போனேன். அவர் முகத்தைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டு டைரக்டரிடமே கேட்டுவிட்டார்: "இன்னா சார், வெந்த மூஞ்சிய நாங்க தெனம் பாத்துகினுதான் கீறோம். எங்க புள்ளைங்க கொட்டாயில பாக்கப் போவுதுங்க. ஒரு நாளாவது நல்லா கீறோமே, உனுக்கு இன்னா போவுது?"

டைரக்டருக்குப் போவதற்கு நிறையவே இருந்தது. பொய் என்று பெயர் வாங்கினால் வருஷக்கணக்கில் உழைத்த படம் அங்கேயே செத்தது. மேகத்தைப் பார்த்தார், அக்காவைப் பார்த்தார். பிறகு என்னிடமிருந்து துணியைப் பிடுங்கி, கதாநாயகியின் கன்னத்துக் கறுப்பைத் தானே துடைத்தார். "அக்கா, உங்க டப்பாவைக் குடுங்க. இந்தப் பொண்ணுக்கும் போட்டு விடுங்க."

மழைக்கு முன் எடுத்து முடித்தோம். "இந்தா, அடுத்த படத்துக்கு ஆவும்" என்று அக்கா டப்பாவை என்னிடமே கொடுத்துவிட்டுப் போனார். உப்பு வாரப் போகிறவள் இப்படியா சிங்காரித்துக்கொண்டு போவாள் என்று பத்திரிகைகள் கிழித்தன. "போனாங்களே!" என்று டைரக்டர் சிரிப்பார். ஆனால் உள்ளூர்க் கொட்டகையில் அந்தக் காட்சிக்கு எழுந்த விசில் இருக்கிறதே, அப்பப்பா!

போன மாதம் டைரக்டர் என் கடைக்கு வந்தார். ஆஸ்பத்திரிவாசம் அவரைப் பாதியாக்கியிருந்தது. ஏதோ டிவி பேட்டியாம். நான் எத்தனை கெஞ்சியும் ஒருநாளும் முகத்தில் பவுடர் படவிடாதவர், தானாகவே நாற்காலியில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டார்.

"போடுப்பா. பேரப் புள்ளைங்க பாக்கும். ஒரு நாளாவது நல்லா கீறேனே."

புது டப்பாக்களை ஒதுக்கிவிட்டு அடித்தட்டைத் துழாவினேன். மூடி கிறீச்சென்றதும், கண்ணைத் திறக்காமலே அவர் சிரித்தார்.