செத்தவள் பேரில் ஒரு கூலிச் சீட்டு

செத்துப் புதைத்த ஒரு பெண் நான்கு வருஷம் தினமும் மில்லுக்கு நடந்து போய், நூல் சுற்றி, பதினைந்து நாளைக்கு ஒரு முறை கூலி வாங்க முடியுமா? முடியாது என்று சட்டென்று சொல்லிவிட்டீர்களா? அப்படியானால் உங்களுக்கு எங்கள் புதுச்சேரி மில்லைப் பற்றித் தெரியாது. வரிக் காகிதத்தைப் பற்றித் தெரியாது. பூசாரியைப் பற்றியும் தெரியாது. முடியும் என்று மில் எழுதிக் கொடுத்திருக்கிறது. அதை நம்பி சர்க்கார் வரி போட்டிருக்கிறது. அதற்கு மேல் பூசாரி சத்தியமும் செய்கிறான். இல்லை என்று சொல்கிறவள் ஒருத்திதான். அவள் பேர் காசம்மாள். இப்போதெல்லாம் அந்தப் பேரையும் அவள் கொஞ்சம் யோசித்துவிட்டுத்தான் சொல்கிறாள்.

வில்லியனூரை அடுத்த ஒரு சேரியில் அவளுக்கு வீடு. அப்பன் சாமிக்கண்ணு நடவுக்கும் அறுப்புக்கும் போய் முதுகு கூனிப்போன மனிதர். தாய் இல்லை. அக்காள் ராமாயிதான் அந்தச் சேரியிலிருந்து முதன்முதலில் மில் வேலைக்குப் போனவள். 1934ஆம் வருஷம் ஐப்பசி மழையில் வாந்திபேதி வந்தது. சேரியில் ஏழு பேர் போனார்கள், ராமாயி நாலாவது ஆள். ஊர்க் கிணற்றில் தண்ணீர் எடுக்க விட்டிருந்தால் ஏழு பேரும் பிழைத்திருப்பார்கள். அந்தக் கதையை இன்னொரு நாள் எழுதுகிறேன். இன்றைக்கு நேரமில்லை, காசம்மாளுக்குக் கெடு வைத்த வியாழக்கிழமை நெருங்குகிறது.

மில்லில் வேலை செய்கிற ஒவ்வொருவருக்கும் எண் பொறித்த பித்தளை வில்லை ஒன்று உண்டு. வாசலில் அதைக் காட்டினால்தான் உள்ளே விடுவார்கள், கூலி நாளில் அதை நீட்டினால்தான் கூலி. ராமாயியின் வில்லை நானூற்றுப் பன்னிரண்டு. அக்காளைப் புதைத்த நாலாம் நாள் அதைத் திருப்பிக் கொடுக்கப் போன காசம்மாளை, மேஸ்திரி பலராமன் மேலும் கீழும் பார்த்தார்.

"நூலு அறுந்தா முடிச்சுப் போடத் தெரியுமாடி?"

"தெரியுங்க. அக்கா வூட்டுல சொல்லிக் குடுத்துச்சு."

"அப்ப வில்லைய நீயே வெச்சுக்க. நாளையிலேர்ந்து வந்துடு."

"என் பேரை எழுத வேணாங்களா?"

"பேரா? மிஷினுக்கு உன் பேரு தெரியுமா? நம்பரு இருக்குது இல்ல, அது போதும். புதுப் பேரு எழுதுனா மேல துரை கேப்பாரு, கீழ குமாஸ்தா கேப்பாரு. யாரு உனக்காக அலையறது? ராமாயின்னு கூப்டா ஏன்னு கேளு. அவ்ளோதான்."

முதல் கூலியில் பாதியை அவர் எடுத்துக்கொண்டார். அவளுக்கு அதிலும் வருத்தமில்லை. அப்பனுக்குக் கூழ் ஊற்ற வழி கிடைத்துவிட்டது.

அன்றிலிருந்து அவள் வீட்டில் காசம்மாள், மில்லில் ராமாயி. சேரியில் யாராவது கேட்டால் டவுனில் கூலி வேலை என்பாள், உண்மை தெரிந்தவர் அப்பன் ஒருவர்தான். விடியுமுன் புறப்பட்டு ஆறு மைல் நடப்பாள். பாலத்தைச் சுற்றினால் மில் சங்கு ஊதிவிடும் என்று ஆற்றில் இறங்குவாள். வெள்ளக் காலத்தில் வில்லையைப் பல்லில் கவ்விக்கொண்டு, சேலையைத் தலைக்கு மேல் சுருட்டிப் பிடித்துக்கொண்டு கடப்பாள். மில் வாசலில் ஒரு முறை தெரிந்தவள் ஒருத்தி பார்த்துவிட்டுக் "காசம்மா!" என்று கூப்பிட்டாளாம். இவள் திரும்பவேயில்லை. இன்னொரு நாள் வீட்டில் அப்பன், செத்த மகளை நினைத்து "ராமாயி" என்று முனகியபோது, அடுப்படியிலிருந்து "இன்னாங்க மேஸ்திரி" என்று குரல் கொடுத்தாளாம். இதை என்னிடம் சொல்லிவிட்டு அவளே சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

போன மாதம் சர்க்கார் சேவகர் சேரிக்கு ஒரு காகிதம் கொண்டுவந்தார். சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் என்று பிரெஞ்சில் தலைப்பு அடித்த காகிதம். ராமாயி, சாமிக்கண்ணு மகள், போன வருஷம் மில்லில் இவ்வளவு கூலி வாங்கியிருக்கிறாள். அதற்கு இவ்வளவு வரி. கணக்குத் தப்பு என்றால், மில்லிலிருந்து சரியான கூலிச் சீட்டு வாங்கி முப்பது நாளுக்குள் மேரியில், அதாவது ஊர்ப் பதிவேடும் வரியும் பார்க்கிற கொம்யூன் ஆபீசில், காட்ட வேண்டும். இதைச் சேவகர் தெருவில் நின்று உரக்கப் படித்தார்.

"ராமாயி எங்க?"

சாமிக்கண்ணு கையைக் காட்டினார். இடுகாடு அந்தப் பக்கம்தான்.

"அது செத்து நாலு வருசம் ஆவுதுங்க."

"போன வருசம் வேலை செஞ்சிருக்குன்னு போட்டுருக்கே!"

இவ்வளவு போதாதா நம் ஜனங்களுக்கு? பொழுது சாய்வதற்குள் சேரி முழுவதும் ஒரே பேச்சு. ராமாயி கடைசிக் கூலியை வாங்காமல் செத்தாள். அந்த ஏக்கத்தில் ஆவி தினமும் மில்லுக்குப் போகிறது. ஒருத்தி விடியுமுன் ஆற்றங்கரையில் வெள்ளையாய் ஒன்று போவதைப் பார்த்திருக்கிறாள். இன்னொருத்தி அதன் தலையில் பஞ்சு ஒட்டியிருந்ததைக்கூடப் பார்த்திருக்கிறாள். பார்த்ததெல்லாம் நிஜம்தான். போனது காசம்மாள்! அவளோ அந்தக் கூட்டத்திலேயே நின்று, தான் பேயாய் நடந்த கதையை வாய் திறக்காமல் கேட்டுக்கொண்டிருந்தாள். வாயைத் திறந்தால் வேலை போய்விடும் என்று மேஸ்திரி சொல்லி வைத்திருந்தாரே. பூசாரி வெள்ளிக்கிழமைக்கு நாள் குறித்தான். கிடா ஒன்று, கோடி வேட்டி ஒன்று, தட்சிணை தனி.

கிடாவுக்குப் பயந்தாளோ பேய்க்குப் பயந்தாளோ, மறுநாள் மில்லுக்கு மட்டம் போட்டுவிட்டு மேரிக்குப் போனாள். குமாஸ்தா கனத்த பதிவேட்டைப் புரட்டினார். பிரெஞ்சு ஆட்சியில் பிறப்பும் இறப்பும் தப்பாது. ராமாயியின் சாவு தேதியோடு அங்கே இருந்தது.

"செத்தவளுக்கு வரி கிடையாது. நீ போகலாம்" என்றார்.

அவள் கும்பிட்டாள். அவர் பேனாவை மையில் தோய்த்தார்.

"இன்னா எழுதுறீங்க சாமி?"

"மில்லுக்குத்தான். செத்தவ பேர்ல கூலி போட்டிருக்காங்களே, அந்தப் பேரை அடிக்கச் சொல்லணும்."

"ஐயோ, அடிக்காதீங்க சாமி! நான் வரியைக் கட்டிடறேன்."

"யார் வரியை?"

"எங்கக்கா வரியை."

"அவதான் செத்துட்டாளே. செத்தவ பேர்ல பணம் வாங்கினா என்னை உள்ள தள்ளுவாங்க."

"அப்ப என் வரியா வெச்சுக்குங்க."

"உனக்கு ஏது வரி? உன் பேர்ல கூலியே இல்லையே!"

அவள் அழுதாள். விஷயம் வெளியே வந்தது. கெட்ட மனிதர் இல்லை அவர். பேனாவைக் கீழே வைத்தார். இன்ன தேதியிலிருந்து நானூற்றுப் பன்னிரண்டாம் வில்லையில் வேலை செய்தது காசம்மாள் என்று மில்லில் சீட்டு வாங்கி வா, அதுவரை கடிதத்தை நிறுத்தி வைக்கிறேன் என்றார். இந்த மாதம் இருபதாம் தேதி வியாழக்கிழமை, பத்து மணிவரை. அதற்கு மேல் நிறுத்த அவருக்கு அதிகாரமில்லை. கடிதம் போனால் வில்லை போகும், வில்லை போனால் வேலை போகும்.

மில் ஆபீசில் வேறு குமாஸ்தா. அவள் நீட்டிய வில்லையின் எண்ணைப் பேரேட்டில் தேடிப் பார்த்தார்.

"கூலிச் சீட்டா? ராமாயியே நேர்ல வந்து கைநாட்டு வெக்கணும்."

"நான்தாங்க."

பெருவிரலில் மை தடவி உருட்டினார். ராமாயி என்று எழுதினார்.

"அதுல காசம்மாள்னு எழுதுங்கய்யா."

"காசம்மாள் யாரு?"

"நான்தாங்க."

"இப்பதானே ராமாயின்னே?"

"அது வில்லைக்குங்க. இது எனக்கு."

குமாஸ்தா பேரேட்டை முன்னும் பின்னும் புரட்டினார். "காசம்மாள்னு இந்த மில்லுல ஒருத்தியும் இல்ல. வேலையே செய்யாதவளுக்கு நான் எப்படிச் சீட்டு குடுக்கறது?"

அவள் அவருக்கு முன்னால் கையை நீட்டிக் காட்டினாள். நான்கு வருஷம் நூல் அறுத்த கோடுகள் விரலுக்கு விரல் இருந்தன. அவர் பேரேட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். பலராமனைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். "எந்தக் காசம்மாளு? இவ ராமாயின்னுதான் வந்தா. எனக்கு இன்னா தெரியும்?" என்றார் அந்த நல்லவர். கடைசியில் மானேஜர், மேரியிலிருந்து காகிதம் வந்தால் பார்க்கலாம் என்றார். மேரியில் கேட்டால் மில் சீட்டு வேண்டும். மில்லில் கேட்டால் மேரி காகிதம் வேண்டும். நான் அவளுக்கு மனு எழுத உட்கார்ந்தேன். கீழே கைநாட்டு வைத்திருக்கும் என்று தொடங்கினேன். அதற்கு மேல் யார் பேரை எழுதுவது என்று எனக்கும் தெரியவில்லை. ராமாயி என்று எழுதினால் பிணம் மனுப் போடுகிறது. காசம்மாள் என்று எழுதினால் மில்லுக்குச் சம்பந்தமில்லாத யாரோ போடுகிறாள்.

வெள்ளிக்கிழமை வந்தது. உடுக்கை அடித்து ஆடிய பூசாரி, ஆவி தங்கையின் மேல் இறங்கியிருக்கிறது, மயிரைப் புளியமரத்தில் ஆணி அடித்து அறுக்க வேண்டும் என்றான். அப்போது காசம்மாளுக்கு வாய் வந்தது.

"பேயும் இல்ல, பிசாசும் இல்ல! மில்லுக்குப் போனது நான்தான்! நாலு வருசமா நான்தான் போனேன்!"

கூட்டம் ஒரு அடி பின்வாங்கியது.

"கேட்டீங்களா? ராமாயி பேசுறா!" என்றான் பூசாரி.

"நான் காசம்மாடா!"

"இன்னும் பொய் சொல்லுது. அடி உடுக்கைய!"

அவளுடைய சொந்த வாயிலிருந்து சொந்தப் பேரைச் சொன்னாலும் அதையும் பேய்தான் சொல்கிறதாம். சிந்திக்க மறுக்கிற ஜனங்களிடம் ஒரு மனுஷி தன்னை எப்படித்தான் நிரூபிப்பாள்? ஆணியோடு ஒருவன் கிட்டே வந்தபோது, சாமிக்கண்ணு தடுமாறி எழுந்து நடுவில் நின்றார். "டேய், எம் பொண்ணு குரலு எனக்குத் தெரியாதா? தொட்டீங்க, கைய ஒடிச்சிடுவேன்" என்றார். அவர் யார் கையையும் ஒடிக்கக்கூடியவர் இல்லை. ஆனாலும் உடுக்கை நின்றது. கிடா பிழைத்தது.

அடுத்த நாள் மேரி குமாஸ்தா ஒரு வழி சொன்னார். மில் சீட்டு இல்லாவிட்டால், இவளோடு அங்கே வேலை செய்த நான்கு பேர், உறவினர் அல்லாதவர்கள், நேரில் வந்து சொல்லிக் கைநாட்டு வைக்கட்டும். அந்த வாக்குமூலத்தை முத்திரை போட்டு மில்லுக்கு அனுப்புகிறேன் என்றார். நான்கு பேர்தானே! பக்கத்து ஊர்களிலிருந்து வந்து, ஆற்றங்கரையில் சேர்ந்துகொண்டு தினமும் கூட நடக்கிறவர்களே மூன்று பேர் இருக்கிறார்களே! காசம்மாள் ஆற்றங்கரையிலேயே அவர்களைப் பிடித்தாள். மூன்று பேரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். நன்றி கெட்டவர்கள் என்று எனக்குக் கோபம் வந்தது. வேலம்மாள் என்பவள்தான் கடைசியில் வாயைத் திறந்தாள்.

"வரேன்டி. வந்து எந்தப் பேர்ல கைநாட்டு வெக்கிறது?"

"உம் பேர்லதான்."

"எம் பேரு எங்கடி அங்க கீது? நான் மில்லுல கனகாம்பாளு. செத்துப்போன எம் மாமியா வில்லை."

இன்னொருத்தி, ஊரை விட்டுப் போன ஓரகத்தியின் பேரில் வேலை செய்கிறாள். மூன்றாமவள் சின்னபொண்ணு, தான் யார் பேரில் இருக்கிறோம் என்பதையே அறியாதவள். மேஸ்திரி வில்லையைக் கொடுத்தார், எண்ணைச் சொன்னார், பேரைச் சொல்லவில்லை. என் கோபத்தை நான் தப்பான வாசலில் இறக்கியிருக்கிறேன். அந்த நூல் சுற்றும் கொட்டகையில் எத்தனை பேர் இப்படி? ஒருவருக்கும் தெரியாது. ஒவ்வொருத்தியும் தான் ஒருத்திதான் இந்தக் குற்றத்தைச் செய்கிறோம் என்று நினைத்து, ஒவ்வொரு கூலி நாளும் மேஸ்திரிக்குப் பங்கு கொடுத்து வந்திருக்கிறாள். செத்தவள் பேரில் இருப்பவள் கூலி உயர்வு கேட்க மாட்டாள், விரல் நசுங்கினால் வைத்தியச் செலவு கேட்க மாட்டாள். மில்லுக்கு இதைவிட நல்ல வேலைக்காரி எங்கே கிடைப்பாள்?

இதை நான் எழுதுகிற வரைக்கும் காசம்மாள் அதே வில்லையைக் காட்டி உள்ளே போய்க்கொண்டுதான் இருக்கிறாள். இரண்டு நாளாக யாராவது பேரைக் கேட்டால் முதலில் கேட்டவர் முகத்தைப் பார்க்கிறாள், எந்தப் பேரைக் கேட்கிறார் என்று. வேலம்மாள் மட்டும் "வரேன், ஆனா தனியா வரமாட்டேன்" என்று சொல்லியிருக்கிறாள்.

இதைப் படிக்கிற உங்களிடம்தான் கேட்கிறேன். அந்தக் கொட்டகைப் பெண்களுக்கு எழுத்துத் தெரியாது, உங்களுக்குத் தெரியும். நாளைக் காலை சங்கு ஊதுமுன் மில் வாசலுக்குப் போங்கள். இந்தப் பத்திரிகையை விரித்து, இதை அவர்களுக்கு உரக்கப் படித்துக் காட்டுங்கள். வேறொருத்தி வில்லையைக் கையில் வைத்திருக்கிற ஒவ்வொருத்தியிடமும், நீ தனி இல்லை என்று சொல்லுங்கள். இருபதாம் தேதி வியாழக்கிழமை காலை ஒன்பது மணிக்கு காசம்மாளும் வேலம்மாளும் மேரி வாசலில் நிற்பார்கள். ஒருத்திக்குச் சாட்சி நிற்க நான்கு பேர் போதும் என்கிறது சட்டம். நாற்பது பேரை அழைத்துக்கொண்டு வாருங்கள்.