சித்தன்னவாசல் மலையில் எடுத்த படம்

என் சித்தப்பா மகள் எனக்கு ஆறு மாதம் இளையவள். மூக்கும் முழியுமாக இருப்பாள். வருவோர் போவோரெல்லாம் அதை என் முன்னாலேயே சொல்வார்கள். எனக்கு வயிறு எரியும்.

எங்களுக்குப் பத்து வயதிருக்கும்போது சித்தன்னவாசல் மலையைப் படம் பிடிக்க ஒரு ஜீப் வந்தது. ஊர் ஊராகப் போய் மலையையும் காட்டையும் எடுத்து வெளிநாட்டுக் கொட்டகைகளில் காட்டுகிறவர்களாம். வெறும் பாறையாக இருக்கிறதே, சுனையிலிருந்து ஒரு பிள்ளை குடத்தோடு இறங்கி வரட்டும் என்றார் கேமராக்காரர். அவர் விரல் யாரைக் காட்டும்? அவளைத்தான்.

“மலேயாவுலயும் காட்டுவீங்களா?” என்று கேட்டாள். காட்டுவோம் என்றார். அவள் கைக்குழந்தையாக இருந்தபோது கப்பல் ஏறிய சித்தப்பா அங்கேதான் ரப்பர் தோட்டத்தில் இருந்தார். “எங்கப்பா என்னையப் பாப்பாருக்கா” என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். எனக்கு அந்தக் கையை உதறவேண்டும் போலிருந்தது.

அவளுக்குத் தெரிந்த ஒரே கேமரா புதுக்கோட்டை ஸ்டூடியோவில் இருந்தது. அங்கே மூச்சுவிடாமல் நிற்கச் சொல்வார்கள். டூரிங் டாக்கீஸ் பக்கம் சித்தி அவளை விட்டதேயில்லை. நான் போயிருக்கிறேன். இந்தப் படத்தில் ஆட்கள் நடப்பார்கள் என்று தெரிந்தேதான் அவள் காதில் சொன்னேன்: “ஆடாம நில்லு. அசஞ்சா மொகம் அழிஞ்சு போயிரும்.”

பாறை நடுவில் கல்தூணாக நின்றாள். “நடம்மா” என்று அவர் கத்தக் கத்த இன்னும் விறைத்தாள். முகம் அழிந்துவிட்டால் அப்பாவுக்கு எப்படி அடையாளம் தெரியும்? வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. அவர் சலித்துப்போய் என்னைக் கூப்பிட்டார். நான் குடத்தை வாங்கிக்கொண்டு, கால் தரையில் பாவாமல் நடந்தேன். அவள் அழுததைத் திரும்பிப் பார்க்கவில்லை.

ஒரு வருடம் கழித்துச் சித்தப்பாவின் கடிதம் வந்தது. அப்பா உரக்க வாசித்தார். “நம்ம மலையப் படத்துல பாத்தேன். எம்புள்ள குடத்தோட எறங்கி வருது. எங்க ஆத்தா நடை அப்படியே. மறுநாளும் போயிப் பாத்தேன்.”

அப்பா நிறுத்திவிட்டார். சித்தி தலையைக் குனிந்துகொண்டாள். நான் வாயைத் திறப்பதற்குள், “நாந்தான்னு எழுதிருங்க பெரியப்பா” என்றாள் அவள். அப்பாவும் அப்படியே எழுதினார்.

அன்று நான் சோறு தின்னாமல் அழுதேன். நடந்தது நான், பேர் அவளுக்கா? என் முகத்தை அவள் பறித்துக்கொண்டாள் என்பது மட்டும்தான் எனக்குத் தெரிந்தது. அந்தக் கொட்டகை இருட்டில் உட்கார்ந்து சித்தப்பா பார்த்தது யாரை என்று நினைத்துப் பார்க்கும் புத்தி அப்போது வரவில்லை.