கிடாரத்தைத் தாட்ட இடம்

மகளுக்கு முதன்முதலாக உலக வரலாற்றை அறிமுகப்படுத்த எந்தப் புத்தகம் நல்லது என்று தெரியவில்லை. இன்று யாழ்ப்பாணத்தில் இரண்டை வாங்கி, ஊர்காவற்றுறை பஸ்ஸில் மடியில் வைத்து ஒப்பிட்டுக்கொண்டு வந்தேன்.

பக்கத்துச் சீற்றில் இருந்த அக்கா ஒரு பெரிய செப்புப் பாத்திரத்தின் படத்தைக் காட்டிக் கேட்டார்.

"உது என்ன தம்பி, கிடாரமே?"

"ஓம் அக்கா. பழைய நகரம் ஒண்டைத் தோண்டேக்கை எடுத்தது. ஆயிரக்கணக்கான வருசம் பழசு."

"ஆக்கள் ஏன் விட்டிட்டுப் போனவை?"

"காரணம் தெரியேல்லையாம்."

"ஒருத்தரும் திரும்பி வரேல்லையோ?"

"இல்லை அக்கா."

அவர் படத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"நாங்களும் இடம்பெயரேக்கை வளவுக்கை கிடங்கு கிண்டிக் கிடாரத்தைத் தாட்டுப்போட்டுத்தான் போனனாங்கள். திரும்பி வந்து எவ்வளவு கிண்டியும் கிடைக்கேல்லை. தாட்ட இடம் அவருக்குத்தான் தெரியும்."

"அண்ணையைக் கேட்டிருக்கலாமே?" யோசிக்காமல் கேட்டுவிட்டேன்.

"அவரையும்தான் தேடுறன், தம்பி."

மண்கும்பானில் இறங்கும்போது, "போட்டு வாறன்" என்றார்.

வீட்டுக்கு வந்து இரண்டு புத்தகத்தையும் புரட்டிப் பார்த்தேன். அந்தக் கிடாரத்தைத் தோண்டி எடுத்தவரின் பெயர் இரண்டிலும் இருக்கிறது. புதைத்துவிட்டுப் போனவரின் பெயர் ஒன்றிலும் இல்லை.

மகளுக்கு எதைக் கொடுக்கட்டும்? படித்தவர்கள் யாராவது சொல்லுங்கள்.