என் கணவர் வந்த படம்

சிறுநீரகம் இரண்டும் கைவிட்டபின் என் கணவருக்கு ஒரே ஒரு கவலைதான். பேரன் அப்போது கைக்குழந்தை. தாத்தா நடந்ததும் பேசியதும் அவன் நினைவில் நிற்கப்போவதில்லை. அதனால்தான் டயாலிசிஸ் நோயாளிகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்க ஒரு பெண் ஜார்ஜ்டவுனில் எங்கள் அடுக்குமாடி வீட்டுக்கு வந்தபோது, நான் வாயைத் திறக்குமுன் அவர் தலையாட்டிவிட்டார்.

"போன்ல எடுத்தா பத்தாதா?" என்றேன்.

"போன் தொலைஞ்சு போகும்லா. இது படம்."

ஓராண்டு எடுத்தார்கள். ஊசி குத்துவதை, தண்ணீரை அளந்து குடிப்பதை, மாடிப்படியில் மூச்சு வாங்குவதை. தான் வேலை பார்த்த பாயான் பாரு தொழிற்சாலைக் கதைகளையெல்லாம் அவர் சொல்லித் தீர்த்தார். அந்தப் பெண்ணும் வாராவாரம் கூப்பிடுவாள். "ஆன்ட்டி, அங்கிள் எப்படி இருக்காங்க?" பெற்ற மகன்கூட அப்படி விசாரித்ததில்லை.

ஒருநாள் நெஞ்சில் நீர் கோத்து அவரை மருத்துவமனையில் சேர்த்தோம். அவள் கூப்பிட்டபோது சொன்னேன். புக்கிட் மெர்தாஜாமிலிருந்து அவர் தங்கை வந்து சேர்வதற்குள் கேமரா வந்துவிட்டது. சில நாளில் எழுந்து உட்கார்ந்து கஞ்சி கேட்டார். "நல்லவேளை ஆன்ட்டி" என்றாள் அந்தப் பெண். அவளோடு வந்த கேமராக்காரன் கேமராவைப் பைக்குள் வைத்தபடி அவளிடம் முணுமுணுத்தான். "இன்னும் எவ்ளோ நாளைக்குலா எடுக்கிறது?" அதன்பிறகு அவள் கூப்பிடவே இல்லை.

திரையிடலுக்கு அழைப்பு மட்டும் வந்தது. அவர் வெள்ளைச் சட்டை போட்டு, பேரனை மடியில் வைத்துக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்தார். படம் முழுக்க நிபோங் திபாலைச் சேர்ந்த ஓர் அம்மா. டயாலிசிஸ் மையத்தில் என் கணவருக்குப் பக்கத்துக் கட்டில்காரர். அந்த அம்மாவின் சவ ஊர்வலத்தோடு படம் முடிந்தது. என் கணவர் ஒரே ஓரிடத்தில் வந்தார். முகம்கூட இல்லை, போர்வைக்கு வெளியே நீட்டிய இரண்டு கால்கள். பேரன் தூங்கிப்போயிருந்தான்.

திரும்பும் வழியில் காரில் பேச்சை அவர்தான் ஆரம்பித்தார்.

"அந்தப் பொண்ணு நம்பர் வச்சிருக்கேல்ல? நான் போயிட்டா உடனே கூப்பிட்டுச் சொல்லு. அப்பவாச்சும் நம்மளை எடுத்ததெல்லாம் சேர்த்துப் போடுவாளான்னு கேளு."

அவளை நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு வார்த்தை கேட்க வேண்டும் என்று ஆத்திரமாக வந்தது. எண்ணை அழித்துவிடலாம் என்று போனை எடுத்தேன். அவர் என் விரலையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் அழிக்கவில்லை.