விரதச் சோறு

என் கணவர் தைப்பூசத்துக்குக் காவடி எடுப்பதாக நேர்ந்துகொண்டார். அன்றிலிருந்து வீட்டில் மீன், இறைச்சி கிடையாது. அவர் பீரைத் தொடவில்லை. தரையில் பாய் விரித்துத் தனியாகப் படுத்தார். விரதக்காரர் விரதம் இல்லாத கையால் சமைத்ததைச் சாப்பிடக்கூடாது என்பது எங்கள் பக்கத்து வழக்கம். அதனால் நானும் விரதம் இருந்தேன். காலையில் தலைக்குக் குளித்துவிட்டுத்தான் அடுப்பைப் பற்றவைப்பேன். அவர் டிபன் கேரியரை எடுத்துக்கொண்டு கூலிம் ஃபேக்டரி பஸ்ஸில் ஏறுவார். கேரியர் கழுவிய நிலையில் காலியாகத் திரும்பி வரும்.

ஒருநாள் பாடாங் செராய் பசாரில் அந்த பஸ் ஓட்டும் அண்ணன் என்னை நிறுத்தினார்.

"தங்கச்சி, உன் சாம்பாருக்கு நான் அடிமைலா! அந்த வாழைக்காய்ப் பொரியல் இருக்கே, என் பொண்டாட்டிக்கு ஏழு ஜென்மம் எடுத்தாலும் வராது."

"உங்களுக்கு எப்படிண்ணே கிடைச்சிச்சு?"

"உன் வீட்டுக்காரன்தான் தினம் கொடுக்கிறானே. அவனுக்குத்தான் உன் தங்கச்சி சமைச்சுக் கொண்டாந்திருது, ஃபேக்டரில அவன்கூட அதே லைன்ல வேலை செய்யுதே."

எனக்குத் தங்கச்சி கிடையாது.

வீட்டுக்கு வந்ததும் கேட்டேன். அவர் மறுக்கவில்லை. "அவளும் எனக்காக விரதம் இருக்கா" என்றார். வெட்கப்பட்டுச் சொல்லவில்லை, பக்தியோடு சொன்னார். அடுத்து, "தைப்பூசத்தன்னிக்கு நீதான் பக்கத்துல நிக்கணும். ஊரே பார்க்கும்" என்றார்.

ஆண்கள் ஏன் இப்படிப் போகிறார்கள் என்பதற்கு ஆளாளுக்கு ஒரு காரணம் சொன்னார்கள். ஷிப்ட் வேலை என்றார்கள். சபலம், கட்டுப்படுத்த முடியாது என்றார்கள். என் அக்காகூட, "ஆம்பளைன்னா அப்படித்தான்லா, விடு" என்றாள். எல்லாம் பொய். பீர், இறைச்சி, மெத்தை எல்லாவற்றையும் விட்ட மனிதர் அவர். முருகனுக்குக் கொடுத்த வாக்கை ஒருநாள்கூட மீறவில்லை. அவரால் முடியும். என் விஷயத்தில் மட்டும் கட்டுப்பாடு வேண்டாம் என்று நினைத்தார், அவ்வளவுதான். இதைவிடப் பெரிய காரணம் எதுவும் எனக்கு இன்றுவரை கிடைக்கவில்லை.

தைப்பூசத்துக்கு முதல்நாள் கெம்போங் மீன் வாங்கி, மிளகாய் அரைத்துத் தடவிப் பொரித்தேன். வேலை முடிந்து வந்தவர் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"மீன் வாசம் அடிக்குது! நான் எப்படி உள்ள வர்றது?"

"வராதீங்க. அதான் விரதம் இருக்கிற வீடு இன்னொண்ணு இருக்கே."

மாற்றுத் துணியைக்கூடக் கேட்காமல் போனார். நான் கதவைச் சாத்திவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தேன். மீனில் உப்பே போடவில்லை என்பது அப்போதுதான் தெரிந்தது. அப்படியே சாப்பிட்டேன்.